உபாத்தியாயர்களும் வெளிநாட்டு யாத்திரையும்

பள்ளிக்கூடத்தின் கதவைப் பூட்டிச் சாவியை எடுத்துக்கொண்டு போன பிறகு, ஜூன் மாதம் அது மீண்டும் திறக்கும் வரையில் அந்தப் பள்ளிக்கூடத்து உபாத்தியாயர் எங்கே இருக்கிறார் என்பது யாருடைய காரியம்? இக்கேள்வி சிலருக்கு வேடிக்கையாகத் தோன்றக்கூடும். தமிழ்நாட்டு அரசாங்கப் பள்ளிகளில் உழைக்கும் ஆண் பெண் உபாத்தியாயர்களுக்கு இது வேடிக்கையன்று. கோடை விடுமுறையில் அவர்கள் காசிக்குப் போகலாம், காஷ்மீரத்துக்குப் போகலாம்; தடுப்பார் இல்லை. இந்தியாவின் எல்லையைத் தாண்டிப் பத்து நாள் போய்வர வேண்டுமென்றாலோ, கல்வி இலாகாவின் முன் அனுமதி எழுத்து மூலமாகக் கைக்கு வந்தாக வேண்டும். அனுமதியின்றிப் போனவர் திரும்பி வந்ததும் விளக்கம் கேட்டுத் தாக்கீது வரும். நடத்தை விதிகளின் கீழ் ஒழுங்கு நடவடிக்கையும் தொடரலாம்.

நமது அபிப்பிராயத்தை முதலிலேயே சொல்லிவிடுகிறோம். தன் ஊழியர் தேசத்தை விட்டு வெளியே போகிறார் என்ற தகவல் அரசாங்கத்துக்குத் தெரிந்திருக்க வேண்டும் என்பதை நாம் ஆட்சேபிக்கவில்லை. பள்ளிக்கூடம் திறக்கும் நாளில் அவர் வகுப்பில் நிற்பார் என்ற உறுதியைக் கேட்கவும் அரசாங்கத்துக்குப் பாத்தியதை உண்டு. ஆனால் தெரிவிப்பது வேறு, கெஞ்சுவது வேறு. விடுமுறை நாட்களில் செய்யும் சொந்த யாத்திரைக்கு உபாத்தியாயர் இலாகாவுக்கு அறிவித்துவிட்டுப் போகும்படி விதி இருக்க வேண்டுமேயன்றி, அனுமதிக்காகக் காத்துக் கிடக்கும்படி இருக்கலாகாது. தக்க காரணம் இருந்து தடுக்க விரும்பினால், தடுக்கும் பொறுப்பும் அதற்குக் காரணம் எழுதும் பொறுப்பும் அதிகாரியின் தலைமேல் இருக்கட்டும்.

அனுமதி என்ற ஒரு சொல்லுக்குள் எவ்வளவு அலைச்சல் அடங்கியிருக்கிறது என்பதை அனுபவியாதவர் அறியார். உபாத்தியாயர் விண்ணப்பம் எழுதுகிறார். போகும் தேசம், போகும் காரியம், தங்கும் நாட்கள், ஆகும் செலவு, அச்செலவுக்குப் பணம் வரும் வழி ஆகிய எல்லாவற்றையும் அதில் விவரிக்க வேண்டும். தலைமையாசிரியர் பரிந்துரை எழுதி மேலே அனுப்புகிறார். வட்டாரக் கல்வி அலுவலகம், மாவட்டக் கல்வி அலுவலகம், முதன்மைக் கல்வி அலுவலகம் என்று காகிதம் படிப்படியாக ஏற வேண்டியிருக்கிறது. ஒவ்வொரு படியிலும் ஒரு குமாஸ்தா இருக்கிறார். அவரிடம் ஒரு குறிப்பேடு இருக்கிறது. அந்தக் குறிப்பேட்டில் எழுதுவதற்கு ஏதாவது ஓர் ஆட்சேபம் அவசியம் கிடைத்துவிடும். மகனுடைய சம்பளச் சீட்டு இணைக்கப்படவில்லை என்று ஒரு படியில் காகிதம் திரும்பும். அது போய்ச் சேர்ந்த பிறகு, சொத்துக் கணக்கு எங்கே என்று அடுத்த படியில் திரும்பும். உபாத்தியாயரின் விண்ணப்பத்தை யாரும் நிராகரிக்கவில்லை. யாரும் அங்கீகரிக்கவுமில்லை. விடுமுறை மட்டும் முடிந்துவிடுகிறது.

இந்த மௌனமே இவ்விஷயத்தின் உயிர்நிலை என்று நாம் கருதுகிறோம். நிராகரித்து ஓர் உத்தரவு வந்தால் அதன்மேல் அப்பீல் செய்யலாம், நியாயஸ்தலம் ஏறலாம். பதிலே வராத விண்ணப்பத்தை எங்கே கொண்டுபோய் வாதாடுவது? தடுப்பது என்ற பழியை ஏற்காமலேயே தடுத்துவிடும் வசதி அலுவலகங்களுக்கு இதனால் கிடைக்கிறது. கப்பலோ விமானமோ ஏறுகிறவன் டிக்கெட்டை இரண்டு மூன்று மாதங்களுக்கு முன்பே வாங்கினால்தான் விலை கட்டுப்படியாகும் என்பது எல்லோரும் அறிந்தது. அனுமதி வருமுன் வாங்கினால் பணம் பாழாகலாம். வந்தபின் வாங்கினால் இரண்டு மடங்கு கொடுக்க வேண்டியிருக்கும். அந்நிய தேசத்து வீசாவுக்கும் முன்கூட்டியே நாள் குறிக்க வேண்டும். இத்தனையும் ஒருவருடைய மாதச் சம்பளத்திலிருந்தோ, பிள்ளை அனுப்பும் பணத்திலிருந்தோ நடக்க வேண்டியவை.

இங்கே பிள்ளைகளைப் பற்றிச் சொல்லத்தான் வேண்டும். முப்பது வருஷம் கிராமத்துப் பள்ளிக்கூடத்தில் பாடம் சொல்லித் தன் மகளை இஞ்சினீயராக்கிய ஒரு தாயை வாசகர்கள் தம் மனக்கண்முன் நிறுத்திக்கொள்ளட்டும். மகள் அமெரிக்காவிலோ ஆஸ்திரேலியாவிலோ புருஷனுடன் குடியிருக்கிறாள்; தலைப்பிரசவம் மே மாதம். நம் நாட்டில் தலைப்பிரசவத்துக்கு மகள் தாய் வீட்டுக்கு வருவது வழக்கம். மகள் வர இயலாத தூரத்தில் இருந்தால், தாய் மகளிடம் போகிறாள். அந்தத் தாய் அரசாங்கத்திடம் கேட்பது ரஜாவன்று, பணமுமன்று, பள்ளிக்கூடம் இல்லாத நாட்களில் தன் மகளின் பக்கத்தில் இருக்க வேண்டுமென்பதே. இதற்கு அவள் தன் மருமகனுடைய வருமானத்தை வட்டார அலுவலகத்துக் குமாஸ்தாவிடம் நிரூபிக்க வேண்டியிருக்கிறது. பிரசவம் இலாகாவின் தபாலுக்காகக் காத்திருப்பதில்லை என்பதை எந்த விதியும் கவனித்ததாகத் தெரியவில்லை.

சட்டத்தின் நிலைமை என்ன என்பதைச் சற்று விரிவாகவே எடுத்துரைக்க விரும்புகிறோம். ஏனெனில், அரசாங்க உத்தியோகத்தில் சேர்ந்தவன் தன் பிரஜா உரிமைகளை வாசற்படியில் கழற்றி வைத்துவிட்டு உள்ளே போகிறான் என்ற எண்ணம் நமது அலுவலகங்களில் இன்னமும் வேரோடியிருக்கிறது. முதல் மகா யுத்தத்துக்கு முன்பு, தூத்துக்குடியிலோ நாகப்பட்டினத்திலோ கப்பலேறுவதற்குப் பாஸ்போர்ட்டு என்ற புஸ்தகம் எவருக்கும் தேவைப்படவில்லை. யுத்த காலத்தில் இந்தியப் பாதுகாப்புச் சட்டத்தின் கீழ் வெள்ளையர் அதைக் கட்டாயமாக்கினார்கள். 1920-ல் இந்தியப் பாஸ்போர்ட்டுச் சட்டம் வந்தது. யுத்தம் முடிந்தது, கட்டாயம் முடியவில்லை. வெளிநாடு போகும் தேசபக்தர்களைத் தடுத்து நிறுத்துவதற்கு அது அவர்களுக்கு உபயோகமாயிருந்தது. சுதந்திரம் வந்த பிறகும், பாஸ்போர்ட்டைக் கொடுப்பதும் மறுப்பதும் சர்க்காரின் இஷ்டம் என்ற கொள்கையே இருபது வருஷம் நிலைத்தது.

1967 ஏப்ரலில் சத்வந்த் சிங் சாஹ்னி வழக்கில், பிரதம நீதிபதி சுப்பா ராவ் தலைமையில் ஐவர் அமர்ந்த சுப்ரீம் கோர்ட்டு, வெளிநாடு போகும் உரிமை அரசியல் சட்டத்தின் 21-ஆம் ஷரத்தில் சொல்லிய தேக சுதந்திரத்தில் அடங்கியது என்று பெரும்பான்மைத் தீர்ப்புக் கூறிற்று. சட்டம் ஒன்றின் ஆதாரமின்றி அதைத் தடுக்க இயலாது என்று ஆனதால்தான், அதே வருஷத்தில் பார்லிமெண்டு பாஸ்போர்ட்டுச் சட்டத்தை இயற்ற நேர்ந்தது. பிறகு 1977-ல் மேனகா காந்தியின் பாஸ்போர்ட்டைச் சர்க்கார் பறிமுதல் செய்து, காரணம் கேட்டதற்குப் பொதுஜன நன்மையை முன்னிட்டுக் காரணம் சொல்ல மறுத்தது. அவசரநிலையின் கொடுமைகளைக் கண்டித்து அப்போதுதான் பதவிக்கு வந்த சர்க்கார் அது என்பதை மறக்கலாகாது. அதிகாரம் கைமாறினாலும் அதன் சுபாவம் மாறுவதில்லை. 1978 ஜனவரி 25-ந் தேதி எழுவர் அமர்ந்த சுப்ரீம் கோர்ட்டு அவ்வழக்கில் சொன்ன முடிவு இன்று சட்டம் படிக்கும் ஒவ்வொரு மாணவனுக்கும் மனப்பாடம்: தேக சுதந்திரத்தைக் குறைக்கும் நடைமுறை எதுவானாலும், அது நியாயமானதாகவும் ஒழுங்கானதாகவும் இருக்க வேண்டும், மனம்போனபடி செய்வதாக இருத்தலாகாது.

இவை சாதாரணப் பிரஜைகளுக்கல்லவா, அரசாங்க ஊழியருக்கு எப்படிப் பொருந்தும் என்று கேட்பார் உண்டு. அதற்கும் பதில் கிடைத்திருக்கிறது. கோயம்புத்தூரில் உத்தியோகம் பார்த்துவந்த சதீஷ் சந்திர வர்மா என்ற உயர்தரப் போலீஸ் அதிகாரி சொந்தக் காரியமாக வெளிநாடு போக அனுமதி கேட்டார். அவர்மேல் இலாகா விசாரணை நிலுவையிலிருக்கிறது என்று காட்டி அனுமதி மறுக்கப்பட்டது. வழக்கு சுப்ரீம் கோர்ட்டு வரை போயிற்று. 2019 ஏப்ரலில் அக்கோர்ட்டு, வெளிநாடு போகும் உரிமை மனிதனுடைய அடிப்படை உரிமைகளில் முக்கியமானது என்றும், இலாகா விசாரணை நிலுவையில் இருப்பது மட்டுமே அதைத் தடுக்கப் போதிய காரணமாகாது என்றும் தீர்ப்பளித்தது. விசாரணைக்கு ஆளான அதிகாரிக்கே நிலைமை இதுவானால், குற்றம் ஒன்றும் சாட்டப்படாத ஆரம்பப் பள்ளி உபாத்தியாயினியை மாதக்கணக்கில் காக்க வைப்பதற்கு என்ன ஆதாரம் இருக்கிறது?

அரசாங்கத் தரப்பில் சொல்லப்படும் நியாயங்களை நாம் புறக்கணிக்கவில்லை. முதலாவதாக, விடுமுறைக்கும் சம்பளம் கொடுக்கிறோமே என்பார்கள். இது கேட்பதற்கு மட்டும் பொருத்தமாயிருக்கிறது. விடுமுறை வேறு, ரஜா வேறு. மற்ற இலாகாக்களில் ஓர் ஊழியருக்கு வருஷத்துக்கு 30 நாள் ஈட்டிய ரஜா சேர்கிறது. உபாத்தியாயருக்கு 17 நாள்தான். ஏன்? அவருக்கு விடுமுறை உண்டு என்பதற்காகவே குறைத்துக் கொடுத்திருக்கிறார்கள். ஆகவே விடுமுறை என்பது சர்க்கார் தயவாக அளித்த தானமன்று. விலை கொடுத்து வாங்கியது. விலையையும் வாங்கிக்கொண்டு, பொருளையும் தன் பெட்டியிலேயே வைத்துப் பூட்டிக்கொள்ளும் வியாபாரியைக் கடைத்தெருவில் என்ன பெயர் சொல்லி அழைப்பார்கள் என்பதை நாம் எழுத வேண்டியதில்லை.

இரண்டாவதாக, தேர்தல், ஜனத்தொகைக் கணக்கு, பரீட்சைத் தாள் திருத்தல் முதலிய வேலைகளுக்கு விடுமுறையிலும் உபாத்தியாயர் தேவைப்படுகிறார் என்பார்கள். இது உண்மையே. 2009-ஆம் வருஷத்திய கட்டாயக் கல்விச் சட்டத்தின் 27-ஆம் பிரிவே, கல்வியல்லாத வேலைகளில் உபாத்தியாயரை ஈடுபடுத்தலாகாது என்று விதித்துவிட்டு, ஜனத்தொகைக் கணக்கு, பேரிடர் நிவாரணம், தேர்தல் ஆகியவற்றுக்கு விலக்கு அளித்திருக்கிறது. 2024 ஏப்ரல் 19-ந் தேதி தமிழ்நாட்டில் பார்லிமெண்டுத் தேர்தலுக்கு ஓட்டுப் பதிவு நடந்தபோது, சாவடிகளில் உட்கார்ந்து ஜனநாயகத்தை நடத்திக் கொடுத்தவர்களில் உபாத்தியாயர்கள் ஏராளம். இத்தகைய வேலைக்குப் பெயர் குறிக்கப்பட்டவர் அந்த நாட்களில் போகக்கூடாது என்று சொல்வது முற்றிலும் நியாயம். அந்த வேலை முடிந்த மறுநாள்? அவ்வேலைக்குப் பெயர் குறிக்கப்படாதவர்? தேவையான சிலரைக் குறிப்பிட்ட சில நாள் நிறுத்திவைக்கும் அதிகாரத்தை, எல்லோரையும் எப்போதும் நிறுத்திவைக்கும் அதிகாரமாக விரித்துக்கொள்வதைத்தான் நாம் எதிர்க்கிறோம்.

மூன்றாவது நியாயம் இவற்றைவிடக் கனமானது. வெளிநாடு போன உபாத்தியாயர்களில் சிலர் அங்கேயே தங்கிவிடுகிறார்கள். உடல்நலமில்லை என்று அங்கிருந்தே சான்று அனுப்பி நாட்களை நீட்டுகிறார்கள். பேர் பதிவேட்டில் இருக்கிறது, வகுப்பில் ஆள் இல்லை. குழந்தைகள் படிப்பின்றித் தவிக்கிறார்கள். இது கற்பனையன்று. 2024 ஆகஸ்டில் குஜராத்திலுள்ள ஒரு பள்ளியில் உத்தியோகம் இருக்க, அமெரிக்காவில் குடித்தனம் நடத்திவந்த ஓர் உபாத்தியாயரின் செய்தி வெளியாகித் தேசமெங்கும் பேச்சாயிற்று. அம்மாநிலத்தில் இத்தகையோரைப் பற்றி விசாரணையும் நடந்தது. ஏழைக் குழந்தைகளின் பாடத்தைத் திருடுகிற இவர்களுக்கு நாம் ஒரு வார்த்தையும் பரிந்து பேசமாட்டோம். எந்தச் சங்கமும் பேசலாகாது.

ஆயினும் யோசித்துப் பாருங்கள். அப்படித் தங்கிவிடத் தீர்மானித்தவரை முன் அனுமதி விதி தடுத்ததா? விதி இருக்கும்போதுதான் இவை நடந்தன. ஏமாற்றத் துணிந்தவன் பாரத்தை அழகாகப் பூர்த்தி செய்துவிடுகிறான். அல்லது பாரமே எழுதாமல் விமானம் ஏறுகிறான். காத்துக் கிடந்து அவமானப்படுகிறவர் யார்? ஜூன் மாதம் முதல் நாளே பள்ளிக்கூடத்துக்கு வந்து நிற்கும் யோக்கியர்தான். பள்ளி திறந்த அன்று வராதவர்மீது ஒரு வாரத்துக்குள் நோட்டீசு, தக்க சமாதானமில்லையேல் சம்பளம் நிறுத்தம், பிறகு விசாரணை, நீக்கம் என்று இலாகா சுறுசுறுப்புடன் இயங்கினால், அந்தக் குஜராத்து விவகாரம் போன்றவை வருஷக்கணக்கில் நடக்க இடமேயில்லை. பள்ளிக்கு வராதவரைக் கவனிக்கச் சோம்பிக் கிடந்துவிட்டு, அந்தச் சோம்பலுக்குப் பிராயச்சித்தமாக, பள்ளிக்கு வருகிறவர்களையெல்லாம் சந்தேகிப்பது நல்ல நிர்வாகமாகாது.

பணம் எங்கிருந்து வருகிறது என்ற கேள்விக்கும் இதே பதில்தான். ஊழியரின் சொத்து விவரங்களைக் கேட்க நடத்தை விதிகளில் தனியே இடமிருக்கிறது. லஞ்சத்தைப் பிடிக்க ஓர் இலாகா இருக்கிறது. அந்நிய தேசத்தாரின் விருந்தோம்பலைச் சர்க்கார் ஊழியர் முன் அனுமதியின்றி ஏற்கலாகாது என்று 2010-ஆம் வருஷத்திய அந்நிய நன்கொடைச் சட்டத்தின் 6-ஆம் பிரிவு விதித்திருக்கிறது. அங்கே அனுமதி கேட்கச் சொல்வதில் பொருள் உண்டு. அந்நியன் செலவில் போகிறவன் அந்நியனுக்குக் கடமைப்படக்கூடும். தன் பணத்தில், அல்லது தன் பிள்ளையின் பணத்தில், பேரக்குழந்தையைப் பார்க்கப் போகிறவர் எந்த வல்லரசுக்குக் கடமைப்பட்டுவிடப் போகிறார்?

தூரத்தையும் எல்லையையும் ஒன்றாக எண்ணுவதால் நேரும் விபரீதங்களும் சில உண்டு. 2023 அக்டோபர் 14-ந் தேதி நாகப்பட்டினத்திலிருந்து காங்கேசன்துறைக்குப் பயணிகள் கப்பல் தொடங்கி, இடையில் நின்று, 2024 ஆகஸ்டில் மீண்டும் புறப்பட்டது. இடைத்தூரம் சுமார் 110 கிலோமீட்டர். நாகப்பட்டினத்தார் சென்னைக்கு ரயிலேறுகிற தூரத்தில் பாதிகூட இல்லை. 1964 டிசம்பர்ப் புயலில் தனுஷ்கோடி அழியும் வரையில், நம் முன்னோர் ரயிலும் கப்பலுமாக இலங்கைக்குப் போய்வந்தவர்களே. கொண்டு கொடுத்த சம்பந்தங்கள் அக்கரையில் எத்தனையோ. ரஜூலாக் கப்பலில் மலேயாவுக்குப் போனவர்களின் சந்ததியார் பினாங்கிலும் ஈப்போவிலும் இருக்கிறார்கள். சித்தப்பன் மகன் கல்யாணம் யாழ்ப்பாணத்தில் என்றால், நாகப்பட்டினத்து உபாத்தியாயருக்கு அது அந்நிய தேச விவகாரமாகிவிடுகிறது. அதே மனிதர் கௌஹாத்திக்குப் போய்வந்தால் உள்ளூர் விவகாரம்.

நேபாளத்து முக்திநாதம் வைஷ்ணவர்களின் 108 திவ்ய தேசங்களில் ஒன்று. இந்தியப் பிரஜை நேபாளத்துக்குள் நுழையப் பாஸ்போர்ட்டே வேண்டுவதில்லை. அங்கே யாத்திரை போகும் ஹிந்துக்களுக்கும், ஜெருசலேம் போகும் கிறிஸ்தவர்களுக்கும் தமிழ்நாட்டு அரசாங்கமே பொக்கிஷத்திலிருந்து மானியம் கொடுக்கும் திட்டங்களை ஏற்படுத்தியது. ஒரு கையால் மானியம் நீட்டிய அரசாங்கம், மறு கையால் தன் உபாத்தியாயரை மட்டும் வாசலில் நிறுத்திப் பாரம் எழுதச் சொல்கிறது. மெக்காவுக்கு உம்ரா யாத்திரை போக விரும்பும் முஸ்லிம் உபாத்தியாயருக்கும் கோடை விடுமுறையே வசதியான காலம். புண்ணிய காலத்தைக் கணக்கிடும் பஞ்சாங்கத்தில் இலாகாவின் அனுமதிக்கும் ஒரு கட்டம் போட வேண்டும்போலும்!

கடல் தாண்டுவதைத் தடுக்கும் வழக்கம் நம் தேசத்துக்குப் புதிதன்று. 1888-ல் மோகன்தாஸ் காந்தி என்ற இளைஞர் சட்டம் படிக்கச் சீமைக்குப் புறப்பட்டபோது, அவருடைய ஜாதியார் பம்பாயில் கூட்டம் கூடி அவரைப் பிரஷ்டம் செய்தார்கள். அவருக்கு உதவி செய்கிறவனும், கப்பல் துறைக்குச் சென்று வழியனுப்புகிறவனும் ஒன்றேகால் ரூபாய் அபராதம் கட்ட வேண்டுமென்று கட்டளையிட்டார்கள். அந்த ஜாதித் தலைவரிடம் ஒரு நேர்மை இருந்தது என்று சொல்லத் தோன்றுகிறது. போகாதே என்று கூட்டத்தில், முகத்துக்கு நேரே சொன்னார். தம் தீர்மானத்தை மூன்று அலுவலகங்களுக்கு அனுப்பி ஆட்சேபக் குறிப்பு எழுதவில்லை.

உபாத்தியாயர் உலகத்தைப் பார்ப்பது அவருடைய சுகம் மட்டுமன்று. அவரிடம் படிக்கும் குழந்தைகளுக்கும் அது லாபம். எரிமலையைப் படத்தில் மட்டும் கண்டவர் சொல்லும் பூகோளத்துக்கும், ஜாவாவின் எரிமலை அடிவாரத்தில் நின்றவர் சொல்லும் பூகோளத்துக்கும் உள்ள வித்தியாசம் மாணவனுக்குத் தெரியும். தமிழ் பயிலும் குழந்தைக்கு, அங்கோர்வாட்டைக் கண்டுவந்த உபாத்தியாயர் சரித்திரத்தைக் கதையாகவே சொல்லிவிடுவார். இதை நாம் அரசாங்கத்துக்குக் கற்பிக்க வேண்டியதில்லை. 2024 அக்டோபரில், கனவு ஆசிரியர்களாகத் தெரிந்தெடுக்கப்பட்ட 55 பேரை அரசாங்கமே தன் செலவில் பிரான்சு தேசத்துக்கு அழைத்துக்கொண்டு போயிற்று. மிக நல்ல காரியம். நாம் மனமாரப் பாராட்டுகிறோம். ஐம்பத்தைந்து பேரை அரசாங்கச் செலவில் அனுப்புவது கல்வித் தொண்டு என்றால், அடுத்த ஐந்நூறு பேர் தங்கள் சொந்தச் செலவில் போவது எப்படிச் சந்தேகத்துக்குரியதாகும்? பொக்கிஷத்துக்கு ஒரு காசும் நஷ்டமில்லாமல் பள்ளிக்கூடங்களுக்கு வரும் அறிவை வேண்டாமென்று சொல்லும் இலாகா உலகத்தில் வேறெங்காவது இருக்குமா என்பது சந்தேகம்.

இனி, செய்ய வேண்டியதென்ன? முன்மாதிரி நம் எதிரிலேயே இருக்கிறது. பாஸ்போர்ட்டு வாங்கும் சர்க்கார் ஊழியர் தடையின்மைச் சான்றுக்காகக் காத்திராமல், மேலதிகாரிக்கு முன்னறிவிப்புக் கடிதம் கொடுத்து, அதன் நகலை இணைத்து விண்ணப்பிக்கலாம் என்று பாஸ்போர்ட்டு இலாகா ஏற்றுக்கொண்டிருக்கிறது. ஆட்சேபமிருந்தால் மேலதிகாரி எழுதட்டும் என்பது அதன் தாத்பரியம். அதனால் இந்தியாவின் பந்தோபஸ்து குலைந்துபோய்விடவில்லை. பாஸ்போர்ட்டு எடுப்பதற்குப் போதுமான அறிவிப்பு, அதை உபயோகிப்பதற்கு ஏன் போதாது? மத்திய சர்க்காரும் தன் ஊழியர் விஷயத்தில் 2015 ஜூலையில் ஓர் உத்தரவு பிறப்பித்தது. விண்ணப்பத்தில் குறையிருந்தால் ஒரு வாரத்துக்குள் சொல்லிவிட வேண்டும். 21 நாளைக்குள் முடிவைத் தெரிவிக்க வேண்டும். தெரிவிக்காவிட்டால் அனுமதி கிடைத்துவிட்டதாகவே ஊழியர் கொள்ளலாம் என்பது அதன் சாரம். அலுவலக மௌனத்துக்கு மறுப்பு என்ற பொருளை நீக்கி, சம்மதம் என்ற பொருளை அது கொடுத்துவிட்டது.

நாம் விரும்புவது இதைவிட ஒரு படி அதிகம். பள்ளி விடுமுறை நாட்களுக்குள் அடங்கும் சொந்த யாத்திரைக்கு அனுமதி என்ற சொல்லையே எடுத்துவிட்டு, முப்பது நாளைக்கு முன் தலைமையாசிரியரிடம் அறிவிப்புக் கொடுத்தால் போதுமென்று செய்க. போகும் தேசம், புறப்படும் நாள், திரும்பும் நாள், அவசரத்துக்கு எழுத வேண்டிய விலாசம் ஆகியவற்றுக்கு மேல் அதில் ஒன்றும் கேட்க வேண்டாம். கிரிமினல் வழக்கு நடப்பவர், தேர்தல் முதலிய வேலைக்குப் பெயர் குறிக்கப்பட்டவர் ஆகியோரைத் தடுக்க வேண்டுமானால், மாவட்டக் கல்வி அலுவலர் 21 நாளைக்குள் காரணம் காட்டி எழுத்து மூலம் உத்தரவிடட்டும். அதன்மேல் ஒரே ஓர் அப்பீல், அதுவும் பதினைந்து நாளைக்குள் முடிய வேண்டும். விடுமுறையைத் தாண்டி ரஜா எடுத்துக்கொண்டு வெளிநாட்டில் தங்க விரும்புவோர் விஷயம் வேறு. பாடம் நடக்கும் நாட்கள் குழந்தைகளுக்குச் சொந்தமானவை. அவற்றுக்கு அனுமதி கேட்டே ஆக வேண்டும். அவ்விதியைத் தளர்த்தும்படி நாம் சொல்லமாட்டோம். அறிவித்துவிட்டுப் போய், திறப்பு நாளில் தக்க காரணமின்றி வராதவருக்கு, அடுத்த மூன்று வருஷங்களுக்கு இந்தச் சலுகையை நிறுத்திவைத்தாலும் நமக்கு ஆட்சேபமில்லை.

உபாத்தியாயர் சங்கங்களுக்கும் ஒரு வார்த்தை. சம்பள விகிதத்துக்கும் பழைய பென்ஷனுக்கும் அவர்கள் நடத்தும் கிளர்ச்சிகள் நாடறிந்தவை. மந்திரிகளிடம் அவர்கள் கொடுக்கும் மனுக்களில் இந்த யாத்திரை விஷயம் இடம்பெற்றாலும் கடைசி வரியில்தான் பெறுகிறது. பென்ஷன் வயோதிகத்தின் சோறு. அதைக் குறைத்துச் சொல்ல நாம் துணியமாட்டோம். ஆனால் பத்தாம் வகுப்பில் அடிப்படை உரிமைகள் என்ற பாடத்தை நடத்துகிறவர், அன்று மாலையே தன் உரிமையைத் தயவுக்குரிய சலுகையாகக் கேட்டு விண்ணப்பம் எழுதும்படி இருப்பதைச் சங்கத் தலைவர்கள் சிறிய விஷயமாக எண்ணலாமா?

இதற்குச் சட்டசபையில் மசோதா வேண்டுவதில்லை. கல்வி இலாகாவின் அரசாணை ஒன்று போதும். கல்வி மந்திரி விரும்பினால் ஒரு வாரத்தில் பிறப்பிக்கலாம். அது வரும் வரையில், இப்போது அலுவலகங்களில் தேங்கிக் கிடக்கும் விண்ணப்பங்கள் ஒவ்வொன்றுக்கும், எந்த மேஜையில் எத்தனை நாளாக இருக்கிறது என்ற கணக்கை முதன்மைக் கல்வி அலுவலர்கள் எடுத்து, அடுத்த விடுமுறைக்கு ஒரு மாதத்துக்கு முன்பே உண்டு அல்லது இல்லை என்ற பதிலை எழுதி அனுப்பும்படி இயக்குநர் உத்தரவிட வேண்டும். இல்லை என்று எழுதுகிறவர் காரணத்தையும் எழுதித் தம் கையெழுத்தை அதன் கீழ் இடட்டும்.